எதில் ஐந்து சதவீதம்? பசிபிக் ரயில் கம்பெனிகளிடம் அமெரிக்க அரசு கேட்ட பங்கு
நிகழ்வு ஆய்வு: 1862 முதல் 1909 வரை

எதற்காக இந்த ஆய்வு

வாரத்துக்கு நிலம் விட்ட ஊர்க்காரர்களுக்கு ஒன்று நன்றாகத் தெரியும். நிலக்காரரின் பங்கான மேல்வாரம் பாதியா, மூன்றில் ஒன்றா என்று பேசி முடிப்பது சுலபம். களத்துமேட்டில் மரக்கால் போடுவதற்கு முன் குவியலிலிருந்து என்னென்ன கழியும் என்பதில்தான் தகராறு வரும். அறுப்புக் கூலி போகும், விதை நெல் போகும், ஊர்ப் பணியாளர்களுக்குத் தரும் சுதந்திரம் போகும். மிச்சத்தில்தான் வாரம். பங்கு விகிதத்தைப் பற்றி மட்டும் பேசிவிட்டு வீட்டுக்குப் போனவர் பின்னால் அங்கலாய்ப்பார்.

இதே கதை, நெல்லுக்குப் பதில் ரயில் வருமானத்தில், அமெரிக்காவில் நாற்பத்தேழு வருடம் நடந்தது. அரசு பணமும் நிலமும் கொடுத்துக் கட்டவைத்த ரயில் பாதைகளின் வருமானத்தில் தனக்குச் சேர வேண்டியதை அரசு எப்படிக் கேட்டது, எங்கே வழுக்கியது, கடைசியில் எப்படி வசூலித்தது என்பதை ஆரம்பத்திலிருந்து பார்க்கிறேன். ஆட்களைப் பதவியால் மட்டும் குறிப்பிடுகிறேன். சட்டங்களும் கம்பெனிகளும் பெயரோடு வரும். ஒரே கடன், ஒரே பிரிவு, ஆனால் ஒவ்வொரு சொல்லும் தனித்தனியாக நீதிமன்றம் போனது என்பதால், வருவாய்ப் பங்கு ஒப்பந்தம் எழுதுகிறவர்களுக்கு இது பயன்படும் என்று நினைக்கிறேன்.

பின்னணி: 1862, அப்புறம் 1864

1862 ஜூலை 1. உள்நாட்டுப் போர் நடந்துகொண்டிருந்த நேரம். கலிஃபோர்னியாவை மற்ற மாநிலங்களோடு இணைக்கும் ரயில் பாதைக்கான பசிபிக் ரயில்வே சட்டத்தில் அன்றைக்குக் குடியரசுத் தலைவர் கையெழுத்திட்டார். கிழக்கிலிருந்து யூனியன் பசிபிக், மேற்கிலிருந்து சென்ட்ரல் பசிபிக். தனியார் யாரும் தானாக முதல் போட முன்வராத வேலை அது. நடுவில் நூற்றுக்கணக்கான மைலுக்கு ஊரே கிடையாது, சரக்கும் கிடையாது.

அரசு இரண்டு வகையில் உதவியது. ஒன்று நிலம். இன்னொன்று கடன். ஒவ்வொரு மைலுக்கும் அரசின் சொந்தக் கடன் பத்திரங்கள் கம்பெனிக்குக் கொடுக்கப்பட்டன. சமவெளியில் மைலுக்கு 16,000 டாலர், மலைத்தொடர்களுக்கு நடுவிலுள்ள மேட்டு நிலத்தில் 32,000, மலைப்பகுதியில் 48,000. பத்திரம் 30 வருடத்துக்கு, வட்டி 6 சதவீதம். கம்பெனி அந்தப் பத்திரத்தைச் சந்தையில் விற்றுப் பணமாக்கிக்கொள்ளும். ஆறு மாதத்துக்கு ஒரு தடவை வட்டியை வாங்கியவருக்கு அரசு கட்டும். அசலையும் வட்டியையும் கம்பெனி அரசுக்குத் திருப்பித் தர வேண்டும்.

1862இல் அரசின் கடனுக்குப் பாதையே முதல் அடமானம். அந்த நிபந்தனையோடு தனியார் பணம் போதுமான அளவு வரவில்லை. ஆகவே 1864இல் சட்டத்தைத் திருத்தினார்கள். நிலம் இரண்டு மடங்கானது. அரசு கொடுத்த அதே அளவுக்குக் கம்பெனி தன் சொந்தப் பத்திரங்களை வெளியிடலாம், அவற்றுக்குத்தான் முதல் அடமானம் என்று ஆக்கினார்கள். அரசு இரண்டாவது வரிசைக்குப் போனது, அதாவது பாதையை விற்றால் முதல் அடமானக்காரர்களுக்குப் பிறகுதான் அரசுக்குப் பணம். பாதை கட்டி முடிய அது தேவைப்பட்டிருக்கலாம், நான் மறுக்கவில்லை. ஆனால் பின்னால் வந்த சிக்கலில் பாதி இந்த ஒரு வரியில் தொடங்கியது.

மொத்தத்தில் ஆறு கம்பெனிகளுக்கு 6,46,23,512 டாலர் பத்திரம் போனது. அதில் யூனியன் பசிபிக்கின் பங்கு 2,72,36,512. சென்ட்ரல் பசிபிக்குக்கு 2,58,85,120. கன்சாஸ் பசிபிக்குக்கு 63,03,000. யூனியன் பசிபிக்கின் பத்திரங்களுக்கு மட்டும் அரசு வருடத்துக்குச் சுமார் 16.34 லட்சம் டாலர் வட்டி கட்டியது. இந்த எண்ணை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

ஒரு சின்ன ஒப்பீடு. ஏறக்குறைய இதே காலத்தில் மெட்ராஸ் ரயில்வே போன்ற கம்பெனிகளுக்கு லண்டன் பங்குதாரர்கள் போட்ட முதலுக்குச் சுமார் 5 சதவீத வட்டி நிச்சயம் என்று இந்திய அரசு உத்தரவாதம் கொடுத்திருந்தது. ரயில் லாபம் தராவிட்டால் பாக்கியை அரசே போடும். அங்கே கம்பெனியின் வருமானத்தில் 5 சதவீதம் அரசுக்கு, இங்கே கம்பெனியின் முதலுக்கு 5 சதவீதம் அரசிடமிருந்து. எண் ஒன்றுதான், பாயும் திசை வேறு.

ஆறாவது பிரிவு

சட்டத்தின் ஆறாவது பிரிவில்தான் அரசின் உரிமை எல்லாம் அடங்கியிருந்தது. சாரத்தைச் சொல்கிறேன். கம்பெனி பத்திரங்களை முதிர்வின்போது தீர்க்க வேண்டும். அரசின் தபால், படை, தளவாடம் ஆகியவற்றை ஏற்றிச் செல்ல வேண்டும். அதற்கான கூலி கம்பெனியின் கைக்குப் போகாமல் கடனில் வரவு வைக்கப்படும். பாதை முடிந்த பிறகு, கடன் தீரும்வரை, நிகர வருமானத்தில் குறைந்தது 5 சதவீதம் வருடா வருடம் கடனுக்குப் போக வேண்டும்.

1864 திருத்தம் இதிலும் கை வைத்தது. கூலியில் பாதியை மட்டும் கடனில் வரவு வைத்தால் போதும், மீதிப் பாதியை ரொக்கமாகக் கம்பெனிக்குக் கொடுக்க வேண்டும் என்றது.

இப்போது கணக்கைப் போட்டுப் பாருங்கள். யூனியன் பசிபிக்கின் ஒரு வருட வட்டியான 16.34 லட்சத்தை 5 சதவீதத்தாலேயே ஈடுகட்ட வேண்டுமானால் நிகர வருமானம் 3.27 கோடி டாலர் இருக்க வேண்டும். அந்தக் கம்பெனி அந்த உயரத்தை எட்டிப் பார்க்கக்கூட வாய்ப்பில்லை. ஒரு பேச்சுக்கு நிகர வருமானம் 70 லட்சம் என்று வைத்துக்கொண்டாலும் 5 சதவீதம் 3.5 லட்சம்தான். ஆக, சட்டம் எழுதிய நாளிலேயே வருமானப் பங்கு வட்டிக்கே காணாது. அசலைப் பற்றிப் பேச்சே இல்லை. 1862இல் இந்தப் பெருக்கலை யாராவது காகிதத்தில் போட்டுப் பார்த்தார்களா என்பது எனக்கு இன்றும் சந்தேகம்தான்.

முதல் பிணக்கு: வட்டி எப்போது (1870–1875)

1869 மே 10 அன்று யூட்டா பகுதியில் பிராமண்டரி என்ற மேட்டில் இரண்டு பாதைகளும் சேர்ந்தன. ஆணி அடித்த புகைப்படம் உலகப் புகழ் பெற்றது. ஒரு வருடம் கழித்துக் கருவூலத்தில் ஒரு நியாயமான கேள்வி எழுந்தது. நாம் ஆறு மாதத்துக்கு ஒரு முறை வட்டி கட்டுகிறோமே, கம்பெனி அதை எப்போது நமக்குத் திருப்பித் தரும்?

கருவூலச் செயலாளர் உடனுக்குடன் தர வேண்டும் என்று எடுத்துக்கொண்டார். கம்பெனி தராததால் தபாலுக்கும் படைக்கும் தர வேண்டிய கூலி முழுவதையும் நிறுத்தி வைத்தார். கம்பெனி நாடாளுமன்றத்துக்கு ஓடியது. 1871 மார்ச்சில் பாதிக் கூலியைக் கொடுக்கச் சொல்லிச் சட்டம் வந்தது. இரண்டே வருடத்தில் காற்று மாறியது. இயக்குநர்களே தங்களுக்குச் சொந்தமான கட்டுமானக் கம்பெனிக்கு ஒப்பந்தம் கொடுத்துப் பணத்தைச் சுருட்டிய கிரெடி மொபிலியே ஊழல் அம்பலமாகி, நாடாளுமன்ற உறுப்பினர்களின் கையில் அதன் பங்குகள் இருந்ததும் தெரிந்தது. 1873 மார்ச்சில் நேர் எதிரான உத்தரவு வந்தது: முழுக் கூலியையும் நிறுத்து, கம்பெனி வேண்டுமானால் வழக்குப் போடட்டும்.

வழக்குப் போட்டார்கள். 1875இல் உச்ச நீதிமன்றம் கம்பெனி பக்கம் தீர்ப்புச் சொன்னது. சட்டம் முதிர்வின்போது தீர்க்க வேண்டும் என்றுதான் சொல்கிறது, வட்டியை நடுவில் தர வேண்டும் என்று எங்கும் இல்லை. நடுவில் அரசுக்கு வருவது பாதிக் கூலியும் 5 சதவீதமும் மட்டும். மற்றதெல்லாம் முப்பது வருடம் கழித்து.

இந்தத் தீர்ப்பின் கனம் பலருக்கு அப்போது புரிந்ததாகத் தெரியவில்லை. அரசு 1870இல் கட்டிய ஒரு வட்டித் தொகை 1890களின் கடைசியில்தான் திரும்பி வரும், அதுவும் அதே எண்ணிக்கையில். வட்டிக்கு வட்டி இல்லை. கந்துவட்டிக்காரர் இதைக் கேட்டால் சிரித்திருப்பார்.

இரண்டாவது பிணக்கு: முடிந்தது எப்போது, நிகரம் என்பது எது (1874–1879)

பாதை முடிந்த பிறகு 5 சதவீதம் என்பது சட்டம். சரி, பாதை எப்போது முடிந்தது?

கம்பெனியின் பதில் 1874 அக்டோபர் 1. அரசே பரிசோதகர்களை அனுப்பிப் பாதையில் குறை கண்டது. அவசரத்தில் போட்ட கட்டைகள், தாற்காலிக மரப் பாலங்கள், சரியாக நிரப்பாத கரைகள் என்று அடுக்கியது. அந்தக் குறைகளெல்லாம் தீர்ந்து குடியரசுத் தலைவர் இறுதியாக ஏற்றுக்கொண்ட நாள்தான் முடிந்த நாள் என்றது கம்பெனி. அதற்கு முந்தைய ஐந்து வருடத்துக்குப் பங்கு கிடையாது.

அரசின் கடன் பத்திரம் வாங்க வரிசையில் நின்றபோது இதே கம்பெனி பாதை முடிந்துவிட்டது என்று எழுதிக் கொடுத்திருந்தது. பத்திரம் வாங்க முடிந்த பாதை, பங்கு கொடுக்க முடியாத பாதையா? உச்ச நீதிமன்றம் 1869 நவம்பர் 6ஐ முடிந்த நாளாக எடுத்துக்கொண்டது. அரசுக்குக் கிடைத்த தெளிவான வெற்றி இது.

அடுத்தது நிகரம். மொத்த வரவிலிருந்து வழக்கமான நிர்வாகச் செலவும் ஓட்டும் செலவும் கழியும் என்பதில் தகராறு இல்லை. மரப் பாலத்தை எடுத்துவிட்டு இரும்புப் பாலம் போட்டால்? புது ஸ்டேஷன் கட்டினால்? முதல் அடமானப் பத்திரங்களுக்குக் கம்பெனி கட்டும் வட்டி? நீதிமன்றம் பிரித்துச் சொன்னது. மேம்பாட்டுச் செலவு நேர்மையாக, புதுப் பங்கோ பத்திரமோ வெளியிடாமல் வருமானத்திலிருந்தே செய்யப்பட்டிருந்தால் கழிக்கலாம். கடன் பத்திர வட்டியைக் கழிக்கக் கூடாது.

இதே சமயத்தில் இரண்டு சின்ன வழக்குகள். ஒமாஹாவில் மிசூரி ஆற்றின் மேல் 1872இல் திறந்த பாலத்தைக் கம்பெனி தனிச் சொத்துபோல நடத்தி, தனிக் கட்டணமும் வாங்கி வந்தது. அக்கரை வியாபாரிகள் வழக்குப் போட, பாலமும் பாதையின் ஒரு பகுதிதான், தொடர்ந்து ரயில் விட வேண்டும் என்று தீர்ப்பானது. கன்சாஸ் பசிபிக் விஷயத்தில் அரசு தோற்றது. அந்தக் கம்பெனி டென்வர் வரை பாதை போட்டிருந்தாலும் பத்திர உதவி கிடைத்தது முதல் 394 மைலுக்கு மட்டும். ஆகவே 5 சதவீதமும் அந்தத் துண்டின் வருமானத்தில்தான் என்றது நீதிமன்றம். உதவி பெற்ற மைல், பெறாத மைல் என்ற இந்தப் பிரிவுதான் அடுத்த பத்து வருடத்தில் பெரிய ஓட்டையானது.

1878: செனட்டில் எடுத்த முடிவு

பழைய ஏற்பாடு இப்படியே போனால் முதிர்வு நாளில் கம்பெனியிடம் ஒன்றும் இருக்காது என்பது 1870களின் நடுவிலேயே தெரிந்துவிட்டது. யூனியன் பசிபிக் பங்குதாரர்களுக்கு ஈவுத்தொகை கொடுத்துக்கொண்டிருந்தது. இருபது வருடம் கழித்து வரும் கடனுக்கு ஒரு காசு ஒதுக்கவில்லை. சட்டப்படி ஒதுக்க வேண்டியதும் இல்லை.

இரண்டு வழி இருந்தது. கம்பெனிகளோடு உட்கார்ந்து பேசி அவை சம்மதிக்கும் தவணைக்கு ஒப்புக்கொள்வது ஒன்று. சட்டத்தைத் திருத்தும் அதிகாரத்தை 1862 சட்டத்திலேயே நாடாளுமன்றம் தன்னிடம் வைத்திருந்தது. அதைப் பயன்படுத்தி ஒரு தலையாகக் கட்டளையிடுவது மற்றொன்று. செனட்டின் நீதிக் குழுவிலிருந்த ஓஹாயோ உறுப்பினர் இரண்டாவதைத் தேர்ந்தெடுத்தார். 1878 மே 7 அன்று அவர் பெயராலேயே அறியப்படும் தர்மன் சட்டம் வந்தது.

அதன்படி அரசு தர வேண்டிய கூலி முழுவதும் நிறுத்திவைக்கப்படும். பாதி வட்டிக் கணக்கில் போகும், மறுபாதி கருவூலத்தில் புதிதாகத் தொடங்கும் சிங்கிங் ஃபண்டுக்குப் போகும். பிற்காலக் கடனைத் தீர்க்க இப்போதே ஒதுக்கிவைக்கும் நிதி அது. கூலி, 5 சதவீதம், கம்பெனி கையிலிருந்து போடும் கூடுதல் தொகை எல்லாம் சேர்ந்து நிகர வருமானத்தில் 25 சதவீதம் ஆக வேண்டும். கூடுதல் தொகைக்கு உச்சவரம்பு உண்டு: யூனியன் பசிபிக்குக்கு வருடம் 8.5 லட்சம் டாலர், சென்ட்ரல் பசிபிக்குக்கு 12 லட்சம். பாக்கி வைத்துக்கொண்டு ஈவுத்தொகை கொடுப்பது குற்றம். அடுத்த மாதமே ரயில் கணக்குகளைப் பார்க்க ஒரு தணிக்கையாளர் அலுவலகமும் ஏற்பட்டது. பதினாறு வருடம் கழித்து!

நிகரத்துக்கு இந்தச் சட்டம் தானே ஒரு விளக்கம் எழுதியது. அந்த வருடத்தில் உண்மையில் கொடுத்த ஓட்டும் செலவும் பழுதுபார்க்கும் செலவும் கழியும். முதல் அடமானப் பத்திரங்களின் வட்டியும் கழியும். வேறு எந்த வட்டியும் கழியாது. கவனியுங்கள், பழைய சட்டத்துக்கு நீதிமன்றம் சொன்ன விளக்கத்தில் மேம்பாட்டுச் செலவு கழிந்தது, வட்டி கழியவில்லை. புதிய சட்டத்தில் அது தலைகீழ். ஒரே பாதை, ஒரே வருடம், ஒரே அரசு. நிகர வருமானம் மட்டும் இரண்டு.

கம்பெனிகள் இது ஒப்பந்த மீறல், சொத்துப் பறிப்பு என்று உச்ச நீதிமன்றம் போயின. 1879 மே மாதம் தலைமை நீதிபதி தலைமையில் ஆறு பேர் சட்டம் செல்லும் என்றார்கள், மூன்று பேர் மறுத்தார்கள். பெரும்பான்மையின் வாதம் எளிமையானது. நிதியில் போடும் பணம் கம்பெனியின் பணம்தான், கடன் வரும் நாளுக்காக ஒதுக்கிவைக்கப்படுகிறது, அவ்வளவே. இன்றைய பங்குதாரர்கள் நாளைய கடன்காரர்களின் பணத்தைத் தின்றுவிடாமல் பார்த்துக்கொள்ள அரசுக்கு அதிகாரம் உண்டு. மாறுபட்ட மூவர், கொடுத்த வாக்கை அரசே மாற்றினால் யார் நம்புவார்கள் என்று கேட்டார்கள். அந்தக் கேள்வியும் அசட்டையாகத் தள்ளக்கூடியதல்ல.

கணக்கு இடம் மாறிய விதம் (1880கள்)

சட்டம் இறுகியதும் வருமானம் இளகிய பக்கம் ஓடத் தொடங்கியது. இந்தப் பகுதியைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும்.

யூனியன் பசிபிக் பிரதான பாதையிலிருந்து பிரியும் கிளைப் பாதைகளைத் தனிக் கம்பெனிகளின் பெயரில் கட்டியது. பிரதான பாதையில் அரசுக்குப் பங்கு உண்டு, கிளையில் கிடையாது. இரண்டிலும் ஓடும் ஒரு சரக்கின் கூலியை எப்படிப் பிரிப்பது? நியாயமாக மைல் கணக்கில். இங்கே கிளையின் ஒரு மைலை ஒன்றரை மைல், சில இடங்களில் இரண்டு மைல் என்று எண்ணினார்கள். நாம் இதைக் கற்பனை மைல் என்று சொல்லலாம்.

உதாரணத்துக்கு நானே ஒரு கணக்குப் போடுகிறேன். ஒரு பெட்டிச் சரக்கு கிளையில் 100 மைலும் பிரதான பாதையில் 400 மைலும் போகிறது. கூலி 60 டாலர். உள்ளபடி பிரித்தால் பிரதான பாதைக்கு 48, கிளைக்கு 12. கிளை மைலை இரட்டிப்பாக எண்ணினால் பிரதான பாதைக்கு 40, கிளைக்கு 20. ரயில் ஒரு அங்குலம்கூட அதிகம் ஓடவில்லை. அரசு பங்கு கேட்கும் கணக்கிலிருந்து 8 டாலர் மாத்திரம் அடுத்த ஏட்டுக்குப் போய்விட்டது.

கம்பெனியின் பதிலிலும் கொஞ்சம் உண்மை உண்டு. கிளை இல்லாவிட்டால் அந்தச் சரக்கே பிரதான பாதைக்கு வந்திருக்காது, கிளையை உயிரோடு வைக்க அதிகப் பங்கு தேவை என்றார்கள். புது ஊர்களில் ஓடும் சின்னப் பாதைகள் நஷ்டத்தில் ஓடுவது இயல்புதான். ஆனால் இரு தரப்புக்கும் ஒரே முதலாளி என்னும்போது விகிதத்தை முடிவு செய்பவர் யார் என்பதுதான் கேள்வி.

சென்ட்ரல் பசிபிக் இன்னும் பெரிய அளவில் செய்தது. அதன் சொந்தக்காரர்களே நடத்திய சதர்ன் பசிபிக்குக்குக் கென்டக்கி மாநிலத்தில் 1884இல் ஒரு புதுக் கம்பெனி பதிவானது. 1885 ஏப்ரல் 1 முதல் சென்ட்ரல் பசிபிக் முழுவதையும் அதற்குக் குத்தகைக்கு விட்டார்கள். வருடக் குத்தகை குறைந்தது 12 லட்சம், அதிகபட்சம் 36 லட்சம் டாலர். தெற்கே ஓடிய அவர்களுடைய இன்னொரு பாதைக்கு மத்திய அரசின் பத்திரக் கடன் கிடையாது. கிழக்குக்கும் மேற்குக்கும் போகிற சரக்கை எந்தப் பாதையில் அனுப்புவது என்று ஒரே அறையில் உட்கார்ந்து முடிவு செய்தவர்களுக்கு எந்தப் பாதை பிடிக்கும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

1886இல் உச்ச நீதிமன்றம் மற்றொரு கதவையும் மூடியது. பத்திர உதவி பெறாத பாதைகளில் கம்பெனி அரசுக்குச் செய்த வேலைக்கான கூலியை நிறுத்திவைக்க முடியாது, கொடுத்தாக வேண்டும்.

இதற்கிடையில் சிங்கிங் ஃபண்டும் எதிர்பார்த்தபடி வளரவில்லை. பணத்தை அரசுப் பத்திரங்களில்தான் போட வேண்டும் என்றது சட்டம். அப்போது அந்தப் பத்திரங்கள் முகமதிப்பைவிட அதிக விலைக்கு விற்றன. அதிக விலை கொடுத்து வாங்கி, முதிர்வில் முகமதிப்பைத்தான் வாங்க முடியும். அரசு ஒரு கையால் கம்பெனியிடம் 6 சதவீதம் எழுதிக்கொண்டே, மறு கையால் அதே கம்பெனியின் பணத்தை மிகக் குறைந்த வருவாயில் போட்டு வைத்திருந்தது. 1887இல்தான் கம்பெனிகளின் முதல் அடமானப் பத்திரங்களிலும் போடலாம் என்று தளர்த்தினார்கள்.

1887: விசாரணைக் குழு

மூன்று பேர் கொண்ட பசிபிக் ரயில்வே குழுவைக் குடியரசுத் தலைவர் நியமித்தார். தலைவர் பென்சில்வேனியாவின் முன்னாள் ஆளுநர். குழு நியூயார்க்கிலிருந்து சான் பிரான்சிஸ்கோ வரை போய்ச் சாட்சி எடுத்தது.

சென்ட்ரல் பசிபிக் பாதையைக் கட்டியது அதன் சொந்தக்காரர்களே நடத்திய கட்டுமானக் கம்பெனி. அதன் கணக்குப் புத்தகங்களைக் கேட்டார்கள். இல்லை என்று பதில் வந்தது. எங்கே போயின என்று யாராலும் சொல்ல முடியவில்லை. அப்போது செனட்டராகவும் இருந்த சென்ட்ரல் பசிபிக் தலைவர் சில கேள்விகளுக்குப் பதில் சொல்ல மறுத்தார். குழு கலிஃபோர்னியாவிலுள்ள மத்திய நீதிமன்றத்தை அணுகியது. அவரைக் கட்டாயப்படுத்த முடியாது என்று நீதிமன்றம் கைவிரித்தது.

குழுவில் இருவர் கடனை நீட்டித்து, நிலையான தவணைகளாக மாற்றிக்கொள்ளலாம் என்றார்கள். தலைவர் மட்டும் தனி அறிக்கை எழுதி, கம்பெனிகளுக்கு இயங்க உரிமை கொடுத்த பட்டயத்தையே பறிக்க வேண்டும் என்றார். நாடாளுமன்றம் இரண்டையும் செய்யவில்லை. இன்னும் பத்து வருடம் ஓடியது.

முதிர்வும் வசூலும் (1893–1909)

1893 பொருளாதார நெருக்கடியில் யூனியன் பசிபிக் அந்த அக்டோபரில் திவாலாகி, நீதிமன்றம் நியமித்த பொறுப்பாளர்கள் கைக்குப் போனது. பத்திரங்கள் 1895 தொடங்கி 1899 வரை முதிர்ந்தன. கம்பெனிகளிடம் பணம் இல்லை. அரசே பத்திரக்காரர்களுக்கு அசலைக் கட்டியது.

சென்ட்ரல் பசிபிக் தரப்பு மிகக் குறைந்த வட்டியில் பல பத்தாண்டுகளுக்குக் கடனைத் தள்ளிப்போடும் மசோதாவுக்கு வாஷிங்டனில் முழு மூச்சாக வேலை செய்தது. சான் பிரான்சிஸ்கோ பத்திரிகை ஒன்று தன் கூர்மையான எழுத்தாளரை அங்கேயே அனுப்பி நாள்தோறும் எதிர்த்து எழுதவைத்தது. 1897 ஜனவரி 11 அன்று மசோதா தோற்றது.

இனி ஏலம்தான். இரண்டாவது அடமானக்காரர் என்ற முறையில் அரசுக்கு முன் முதல் அடமானக்காரர்கள் இருந்தார்கள். யூனியன் பசிபிக்கை வாங்க நியூயார்க் வங்கியாளர்களின் மறுசீரமைப்புக் குழு ஒன்று தயாராக இருந்தது. முதலில் அரசுக்கு 4.57 கோடி டாலர் கிடைக்க உத்தரவாதம் என்றார்கள். புதிதாகப் பதவிக்கு வந்த நிர்வாகம் போதாது என்றது. 5 கோடி என்று ஏறியது. அரசே ஏலத்தில் கலந்துகொள்ளலாம் என்ற பேச்சு வந்ததும் குழு முழுத் தொகைக்கும் ஒப்புக்கொண்டது. 1897 நவம்பர் 1, ஒமாஹா. சிங்கிங் ஃபண்டில் இருந்ததையும் சேர்த்து அசல் 2,72,36,512 டாலர், வட்டி 3,12,11,711 டாலர் 75 சென்ட். மொத்தம் 5,84,48,223 டாலர் 75 சென்ட் அரசுக்கு வந்தது.

கன்சாஸ் பசிபிக்கில் அவ்வளவு அதிர்ஷ்டம் இல்லை. 1,28,91,900 டாலர் கடனுக்கு 1898இல் அசல் 63,03,000 மட்டும் வந்தது. 65,88,900 டாலர் போயே போனது.

சென்ட்ரல் பசிபிக்குக்கு 1898 ஜூலையில் மூன்று அமைச்சர்கள் கொண்ட குழுவை நாடாளுமன்றம் அமைத்து, பத்தே வருடத்துக்குள் தீர்க்க வேண்டும், வட்டி 3 சதவீதத்துக்குக் குறையக் கூடாது என்று கட்டியது. 1899 பிப்ரவரி 1 நிலவரப்படி 5,88,12,715 டாலர் 48 சென்ட். இருபது அரையாண்டுச் சீட்டுகள், ஒவ்வொன்றும் 29.4 லட்சம், பின்னால் புது அடமானப் பத்திரங்கள் பிணை. கடைசிச் சீட்டு 1909 பிப்ரவரியில் தீர்ந்தது.

மாற்றி எழுதுவதாக இருந்தால்

வசூலைப் பார்த்தால் அரசு பெரிய அளவில் தோற்கவில்லை என்று சொல்லலாம். நான் அப்படிச் சொல்வேன், ஒரு திருத்தத்தோடு. பணம் வந்தது அடமானத்தால்தான். வருடக்கணக்கில் நீதிமன்றத்தில் அடித்துக்கொண்ட வருமானப் பங்குக்கு அதில் இடம் மிகச் சின்னது. பாதையின் மேல் பிடி இருந்தது, 1897இல் அதை வாங்கத் துடித்தவர்களும் இருந்தார்கள். அதே ஏலம் 1894இல் நடந்திருந்தால் இந்த எண் வந்திருக்காது என்பது என் கணிப்பு.

நான் எழுதுவதாக இருந்தால் முதலில் நிகரம் என்ற சொல்லையே தொடமாட்டேன். மொத்த வரவில் ஒரு சின்னச் சதவீதம் கேட்பேன். குவியல் களத்தைவிட்டு நகரும் முன் அளந்துவிடலாம், பாலம் பழுதா மேம்பாடா என்று யாரும் விவாதிக்க வேண்டாம். நிகரம்தான் என்று கம்பெனி ஒற்றைக்காலில் நின்றால், கழியக்கூடியவற்றின் பட்டியல் சட்டத்திலேயே இருக்க வேண்டும், 1879இல் நீதிபதிகள் எழுதும்வரை காத்திருக்கக் கூடாது. முடிந்த நாள் எது என்பதும் அப்படித்தான். அரசின் முதல் கடன் பத்திரம் கைமாறும் நாளிலிருந்து பங்கு ஓட வேண்டும்.

பங்கு மைலுக்கு இல்லாமல் முதலாளிக்கு ஒட்ட வேண்டும். அதே கைகள் நடத்தும் எந்தப் பாதையானாலும், கிளையானாலும் குத்தகையானாலும், கூட்டுக் கணக்கில்தான் அளவு. இது இல்லாமல் 25 சதவீதம் என்ன, 50 சதவீதம் போட்டாலும் சரக்கு தெற்குப் பாதையில் போய்விடும். தணிக்கையாளர் 1862இலேயே இருந்திருந்தால் கட்டுமானக் கம்பெனியின் புத்தகங்கள் தொலைவதற்கு முன் ஒரு நகலாவது இருந்திருக்கும்.

1864இல் இரண்டாவது வரிசைக்குப் போனதைத் தவிர்த்திருக்க முடியுமா என்று எனக்கு உறுதியாகச் சொல்லத் தெரியவில்லை. தனியார் பணம் இல்லாமல் மலையைக் குடைய முடியாது. ஆனால் முதல் இடத்தை விட்டுக்கொடுத்த அதே நாளில், அரசு கட்டும் வட்டியை அந்தந்த வருடமே திருப்பித் தர வேண்டும், இல்லையேல் வட்டிக்கும் வட்டி ஏறும் என்று ஒரு வரி வாங்கியிருக்கலாம். கம்பெனிக்குப் பணத்தேவை இருந்த நேரம், மறுத்திருக்காது. அந்த வரி இல்லாததன் விலையை ஏறத்தாழக் கணக்கிடலாம். யூனியன் பசிபிக்கிடம் சேர்ந்திருந்த 3.12 கோடி வட்டி பாக்கி 28 வருடத்தில் சீராக ஏறியது என்று வைத்தால் சராசரி நிலுவை 1.56 கோடி. அரசே அந்தக் காலத்தில் 4 சதவீதத்துக்குக் கடன் வாங்கியது. அந்த விகிதத்தில் சுமார் 1.75 கோடி டாலர். சட்டப்படி அது யாருக்கும் யாரும் தர வேண்டிய கடன் அல்ல. ஒமாஹா ஏலத்தில் முழுவதும் வசூல் என்று எழுதிய 5,84,48,223 டாலர் 75 சென்டில் அது சேரவில்லை.